போர்த்துக்கேயக் குறைவினைகள்: ஓர் இலக்கண நோக்கு

வினைச்சொல் இடம், எண், காலம் என்பவற்றுக்கேற்ப உருத்திரிந்து வருதல் போர்த்துக்கேய மொழியின் பொது இயல்பாகும். இவ்வியல்புக்குப் புறம்பாகச் சில வடிவங்களை இழந்து நிற்பனவற்றை அம்மொழி இலக்கணகாரர் குறைவினைகள் என்பர். 1984இல் வெளிவந்த குன்யா, சிந்த்ரா ஆகியோரின் இலக்கணமும் இவற்றைத் தனியே எடுத்துரைக்கின்றது. இக்குறைக்கு மரபு கூறிவந்த காரணங்கள் எத்துணைப் பொருந்துவன என்பது ஆராயற்பாலது.

'ஒழித்தல்' எனப் பொருள்படும் 'அபொலிர்' வினைக்கு நிகழ்காலத் தன்மை ஒருமை இல்லை என்பது விதி. விழைவு, ஐயம், மரியாதை ஏவல் ஆகியவற்றை உணர்த்தும் நிகழ்கால வடிவங்கள் அத்தன்மை ஒருமையின் அடியிலிருந்தே பிறப்பன. ஆதலின் அவையும் இல்லாதொழிகின்றன. கொடிய சட்டமொன்றை ஒழிக்குமாறு அரசை வேண்டும் குடிமகன், விதிப்படி, அவ்வினையாலேயே அதனை ஏவ இயலாது. 'வங்குரோத்தடைதல்' எனும் 'ஃபலிர்' இன்னும் வறியது. சாதாரண நிகழ்காலத்தில் தன்மைப் பன்மையும் முன்னிலைப் பன்மையுமே அதற்குண்டு. எனினும் இவ்விரு வினைகளுக்கும் இறந்தகாலமும் எதிர்காலமும் நிறைவாகவே உள.

மரபு இதற்கு இரு காரணங்களைக் கூறும். முதலாவது பொருள் மயக்கம். 'ஃபலிர்' தன்மை ஒருமையில் 'ஃபாலோ' என நின்றால், 'பேசுகிறேன்' எனும் சொல்லோடு மயங்கும் என்பர். ஆயின், 'மெருகிடுகிறேன்', 'குதிக்கிறேன்' ஆகிய இரண்டுக்கும் 'புலோ' என்பதே வடிவம். 'இருந்தேன்', 'போனேன்' ஆகிய இரண்டுக்கும் 'ஃபுய்' என்பதே வடிவம். அங்கெல்லாம் பொறுக்கப்பட்ட மயக்கம் இங்கு மட்டும் விலக்கப்படுவானேன்? இரண்டாவது இன்னோசை. 'அபோலோ' செவிக்கு இன்னாதெனின், அதே ஈற்றொலி கொண்ட 'கொன்சோலோ' (ஆறுதல் கூறுகிறேன்) எவர் செவியையும் உறுத்தவில்லை. வழங்காச் சொல் இன்னாதாய்த் தோன்றுதல் இயல்பே. விளைவைக் காரணமாகக் கொண்டமையே மரபின் வழு.

உண்மைக் காரணத்தை வினையின் அமைப்பிலேயே தேடல் வேண்டும். 'தொர்மிர்' (உறங்குதல்) தன்மை ஒருமையில் 'துர்மோ' என ஒகரம் உகரமாகத் திரியும். அம்முறைப்படி 'அபூலோ' எனல் வேண்டுமா, திரிபின்றி 'அபோலோ' எனல் வேண்டுமா? நூல்வழக்கிலும் சட்டவழக்கிலும் பயிலும் இச்சொல்லைத் தன்மையில் கேட்டறியாதவன் இவ்விடத்தே தயங்குகின்றான். தயக்கம் மட்டும் இடைவெளியை உண்டாக்கிவிடாது. 'விழுங்குதல்' எனும் 'எங்கொலிர்', 'எங்கூலோ' எனத் தயக்கமின்றி வழங்குகின்றது. நாள்வழக்கின் துணையற்ற சொல்லில் எழும் தயக்கத்தைப் பள்ளி இலக்கணம் 'இல்லை' என விதியாக்கியதும் குறை நிலைபெற்றது எனலாம். மூலவினையில் வகர ஒலி நிலைக்கும் இடங்களில் மட்டும் வரும் 'ரியவேர்' (மீளப்பெறுதல்) போன்றவற்றுக்கு இவ்விளக்கம் போதாது. அவை தனியே ஆராயப்படல் வேண்டும்.

மொழியாளர் இவ்விடைவெளியில் ஊமையராய் நிற்பதில்லை. 'ஒழிக்கப் போகிறேன்' எனத் துணைவினை சேர்த்தோ, ஒருபொருட் சொல்லைக் கொண்டோ கருத்தை நிறைவு செய்கின்றனர். மக்கள் எங்கே தயங்குகின்றனர், ஏன் தயங்குகின்றனர் எனக் காட்டுதலே இலக்கணத்தின் பணி. தயக்கத்துக்கு இன்னாவோசை எனப் பெயரிட்டு வாயடைத்தல் அதன் பணியன்று.