எழுத்தைக் காட்சியாக்கும் எரின் லீ கார்

இணையத்தை ஒட்டி நடக்கும் குற்றங்களைப் படமாக்குவது கடினம். காட்டுவதற்கு அங்கே எதுவுமே இருப்பதில்லை. ஒருவர் தன் அறையில் செல்போனில் தட்டிக்கொண்டிருக்கிறார், வேறோர் ஊரில் இன்னொருவர் அதைப் படிக்கிறார். நடிகர்களை வைத்து எடுத்த காட்சிகளையும் திகில் இசையையும் போட்டு நிரப்பிவிடுபவர்களே அதிகம். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் எரின் லீ கார் அந்த எழுத்தையே திரைக்குக் கொண்டுவருகிறார்.

2019இல் எச்பிஓவில் வந்த ‘ஐ லவ் யூ, நவ் டை’தான் அவருடைய ஆகச் சிறந்த படம் என்பேன். மாசச்சூசெட்ஸில் 2014இல் 18 வயது இளைஞன் ஒருவன் தற்கொலை செய்துகொள்கிறான். அவனைத் தூண்டியதாக 17 வயது மிஷெல் கார்ட்டர் மீது வழக்கு. இருவரும் நேரில் சந்தித்ததே மிகச் சில முறைதான்; அவர்களது உறவு பெரும்பாலும் குறுஞ்செய்திகளிலேயே வளர்ந்தது. அந்தச் செய்திகள் திரையில் ஒவ்வொன்றாக வந்து விழுகின்றன. நாமே அவற்றை மனசுக்குள் படிக்க வேண்டியிருக்கிறது. படிக்கும்போது நாம் கொடுக்கும் தொனி நம்முடையது, அந்தப் பெண்ணுடையது அல்ல. இதை உணரும் இடத்தில் படம் நம்மை உலுக்கிவிடுகிறது.

முதல் பாகம் அரசுத் தரப்பு, இரண்டாவது எதிர்த்தரப்பு. முதல் பாகம் முடியும்போது நமக்குள் தீர்ப்பு தயாராகிவிடும். அடுத்ததில் முந்தைய மாதங்களின் செய்திகள் வருகின்றன. சிகிச்சைக்குப் போகச் சொல்லி அவள் அவனிடம் மன்றாடியிருக்கிறாள். ‘க்ளீ’ தொலைக்காட்சித் தொடரின் வசனங்களைத் தன் சொந்தத் துயரம்போல் எழுதியிருக்கிறாள். ஏற்கெனவே படித்த வரிகளின் எடை மாறிப்போகிறது. புதிய ரகசியம் எதையும் அவிழ்க்காமல், அடுக்கும் வரிசையால் மட்டுமே இதைச் சாதிப்பது தேர்ந்த படத்தொகுப்பு.

வழக்கின் மையமோ பதிவாகாத ஒரு தொலைபேசி உரையாடல். அதில் தான் என்ன சொன்னாள் என்று அவள் பின்னர் தோழிக்கு அனுப்பிய செய்தியே சாட்சியம். 2017இல் நீதிபதி லாரன்ஸ் மோனிஸ் அவளைக் குற்றவாளி என்றார். சிறையில் கழிக்க வேண்டிய காலம் 15 மாதம். கார்ட்டர் படத்துக்குப் பேட்டி தரவில்லை. நீதிமன்றத்தில் அவள் முகத்தை மட்டும் பார்க்கிறோம். அந்த மௌனத்தை ஊகங்களால் நிரப்பாமல் விட்டது இயக்குநரின் நேர்மை.

2015இல் வந்த ‘தாட் க்ரைம்ஸ்’ படத்தில் இந்த நிதானம் முழுதாகக் கைகூடவில்லை. நரமாமிசம் பற்றி இணையத்தில் கொடூரக் கற்பனைகளைப் பரிமாறிக்கொண்ட நியூயார்க் போலீஸ்காரர் கில்பர்ட்டோ வாலேயின் கதை அது. அவர் சமைப்பதைக் கேமரா காட்டும் இடம் எனக்கு உறுத்துகிறது; பார்வையாளரைச் சீண்டும் ஆசை அதில் தெரிகிறது. ஆனாலும், எழுதியது எப்போது குற்றமாகிறது என்ற கேள்வியைப் படம் கைவிடவில்லை.

‘ஐ லவ் யூ, நவ் டை’ பார்ப்பவர்கள் இரண்டு பாகங்களுக்கும் நடுவே ஓர் இரவு இடைவெளி விடுங்கள். எச்பிஓ அதை முதலில் ஒளிபரப்பியதும் அடுத்தடுத்த இரவுகளில்தான்.