காத்திருக்கச் சொல்லும் சட்டம், அபராதம் போடும் கடை

அமெரிக்கத் துப்பாக்கிக் கடைகள் பலவற்றில் கல்லாவுக்குப் பக்கத்திலேயே ஓர் அறிவிப்பு ஒட்டப்பட்டிருக்கும்: ஒருமுறை விற்ற துப்பாக்கி எக்காரணம் கொண்டும் திரும்பப் பெறப்படமாட்டாது. ஏன் என்று கேட்டால், அது எங்கள் கடையின் வழக்கம் என்று நேர்மையாகச் சொல்பவர்கள் உண்டு. ஆனால், "கூட்டரசுச் சட்டம் அனுமதிக்காது" என்று கையை விரிப்பவர்களும் உண்டு. இந்த இரண்டாவது பதிலைத்தான் வணிகத்தை ஆதரிப்பவர்கள் வாதமாகவே முன்வைக்கிறார்கள். அப்படியொரு சட்டம் இல்லை. உரிமம் பெற்ற வியாபாரி துப்பாக்கியைத் திரும்பப் பெறுவதைக் கூட்டரசுச் சட்டம் எங்கும் தடுக்கவில்லை. பழைய துப்பாக்கிகளை விலைக்கு எடுப்பது இதே கடைகளின் அன்றாடத் தொழில். முன்பின் தெரியாத ஒருவர் தன் தாத்தாவின் ரைஃபிளைக் கொண்டுவந்தால் நிலையைப் பார்த்து, விலை பேசி வாங்கிக்கொள்கிறார்கள். அதற்குச் செய்ய வேண்டியது வரவு செலவுப் பேரேட்டில் ஒரு வரி எழுதுவது: தயாரிப்பாளர், மாடல், வரிசை எண், துளை அளவு, கொடுத்தவரின் பெயர், முகவரி, தேதி. அடுத்த வேலைநாள் முடிவதற்குள் எழுதிவிட்டால் விதி நிறைவேறிவிட்டது. அந்நியரிடம் வாங்குவதற்குத் தடையாக இல்லாத சட்டம், நேற்று தன்னிடமே வாங்கியவரிடமிருந்து திரும்பப் பெறுவதற்கு மட்டும் எப்படித் தடையாகும்?

வியாபாரியின் பக்கத்திலும் நியாயம் இருக்கிறது. துப்பாக்கி வாங்கியவரின் கைக்குப் போய்விட்ட பிறகு அது பழைய துப்பாக்கிதான். எத்தனை குண்டு சுடப்பட்டது, யார் கைக்கெல்லாம் போனது என்று கடைக்காரருக்குத் தெரியாது. அதைப் புதியது என்று மறுபடி விற்க முடியாது. ஒரு குற்றத்தில் சிக்கிய துப்பாக்கியின் தடம் தயாரிப்பாளரிடமிருந்து மொத்த வியாபாரி வழியாக முதல் வாங்குநர் வரை தேடப்படுகிறது. திரும்ப வந்து மறுபடி விற்கப்பட்ட துப்பாக்கி அந்தத் தேடலைச் சிக்கலாக்கும். இணையத்தில் வாங்கி உள்ளூர்க் கடைக்கு வரவழைப்பவர்களிடம், கையெழுத்துப் போடுமுன் துப்பாக்கியை நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள், பழுது இருந்தால் அப்போதே மறுத்துவிடுங்கள் என்று பல விற்பனையாளர்கள் சொல்கிறார்கள். அது நல்ல வழக்கம். கையளித்த பிறகு பணம் திரும்பாது என்பதில் எனக்குப் பெரிய சண்டை எதுவும் இல்லை.

என் மறுப்பு கையளிப்பதற்கு முந்தைய நாட்களைப் பற்றியது. கலிஃபோர்னியாவை எடுத்துக்கொள்வோம். வாங்குபவர் பணத்தைக் கட்டுகிறார். 4473 என்ற கூட்டரசுப் படிவத்தை நிரப்புகிறார். மாநிலத்துக்குச் செலுத்த வேண்டிய 37.19 டாலரையும் கொடுக்கிறார். விண்ணப்பம் மாநில நீதித்துறைக்குப் போகிறது. துப்பாக்கி அவர் பெயர் எழுதிய சீட்டுடன் கடையின் பின்னறைக்குப் போகிறது. பத்து முழு நாட்கள் அது அங்கேயே இருந்தாக வேண்டும். இந்தப் பத்து நாளில் அதை யாரும் தொடவில்லை, சுடவில்லை. கடையை விட்டு அது வெளியே போகவே இல்லை. ஆறாம் நாள் வாங்கியவர் வந்து, "வேண்டாம், பணத்தைக் கொடுத்துவிடுங்கள்" என்றால் சீட்டைக் கிழித்துவிட்டு அதே துப்பாக்கியை முன்னறைக் கண்ணாடிப் பெட்டியில் புதியதாகவே வைக்கலாம். அவர் நிரப்பிய படிவத்தை முடிவடையாத விற்பனைகளுக்கான தனிக் கோப்பில் சேர்த்துவைக்க வேண்டும், அவ்வளவுதான் வேலை. இதற்குத்தான் ரீஸ்டாக்கிங் கட்டணம் என்ற பெயரில் விலையில் பதினைந்து, இருபது, சில இடங்களில் இருபத்தைந்து சதவீதம் வரை பிடித்துக்கொள்கிறார்கள். மிச்சத்தையும் பணமாகத் தராமல், அதே கடையில் வேறு பொருள் வாங்குவதற்கான வரவாக எழுதித் தருபவர்களும் இருக்கிறார்கள். 600 டாலர் கைத்துப்பாக்கிக்கு இருபத்தைந்து சதவீதம் என்றால் 150 டாலர், பின்னறையிலிருந்து முன்னறைக்கு வருகிற கூலி.

அந்தப் பத்து நாளை மாநிலம் எதற்காக வைத்திருக்கிறது என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் இந்தக் கட்டணத்தின் கேடு முழுதாகத் தெரியும். பின்னணிச் சோதனைக்கு மட்டும் என்றால், சோதனை முடிந்த அன்றே துப்பாக்கியைக் கொடுத்துவிடலாமே என்று ஏற்கெனவே துப்பாக்கி வைத்திருந்த சிலர் வழக்குத் தொடுத்தார்கள். சில்வெஸ்டர் வழக்கு என்று அறியப்படும் அதில், 2016இல் ஒன்பதாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் காத்திருப்பை ஏற்றுக்கொண்டது. சோதனை முடிந்த பிறகும் மிச்ச நாட்கள் காத்திருக்கச் சொல்வதற்கு நீதிமன்றம் கண்ட நியாயம் வெளிப்படையானது: கோபத்திலோ துயரத்திலோ துப்பாக்கி வாங்க வந்தவருக்கு வேகம் தணிய அவகாசம் வேண்டும். அதாவது, வாங்கியவர் மறுபடி யோசிக்க வேண்டும் என்பதற்காகவே சட்டம் அவரை நிறுத்திவைக்கிறது. யோசித்து மனம் மாறினால் கடை அவருக்கு அபராதம் போடுகிறது. சட்டம் தன் நோக்கம் நிறைவேறும் அந்த ஒரே தருணத்தில், அந்த நோக்கத்தை நிறைவேற்றியவரைத் தண்டிக்க வியாபாரிக்கு விட்டுக்கொடுத்திருக்கிறது.

இது ஏட்டளவிலான முரண் என்று சொல்லிவிட முடியாது. 2022இல் அமெரிக்காவில் துப்பாக்கியால் இறந்தவர்கள் 48,204 பேர்; அவர்களில் 27,032 பேர் தற்கொலை செய்துகொண்டவர்கள். 1991இல் கலிஃபோர்னியாவில் கைத்துப்பாக்கி வாங்கிய 2,38,292 பேரைப் பின்தொடர்ந்த ஆய்வு 1999இல் நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் வெளியானது. வாங்கிய முதல் வாரத்தில் அவர்களிடையே துப்பாக்கியால் நேர்ந்த தற்கொலையின் விகிதம் பொதுமக்களிடையே உள்ளதைப்போல் 57 மடங்கு என்பது அதன் கண்டுபிடிப்பு. காத்திருப்புச் சட்டங்கள் வேலை செய்கின்றன என்பதற்கும் சான்று இருக்கிறது. 1970 முதல் 2014 வரையிலான மாநிலத் தரவுகளை வைத்து 2017இல் வெளியான ஆய்வு, காத்திருப்பு உள்ள இடங்களில் துப்பாக்கிக் கொலைகள் சுமார் 17 சதவீதமும், துப்பாக்கித் தற்கொலைகள் 7 முதல் 11 சதவீதமும் குறைந்ததைக் காட்டியது. நியூ ஹாம்ப்ஷயரில் 2009இல் ஒரு வாரத்துக்குள் மூன்று பேர் ஒரே கடையில் துப்பாக்கி வாங்கி, சில மணி நேரங்களில் உயிரை மாய்த்துக்கொண்டார்கள். ஒருவருக்கொருவர் தொடர்பில்லாதவர்கள். அதன் பிறகு அம்மாநிலக் கடைக்காரர்களும் பொதுச் சுகாதார ஆய்வாளர்களும் கூடி, வாங்க வருபவரிடம் துயரத்தின் அறிகுறி தெரிந்தால் விற்பனையைத் தள்ளிப்போட வேண்டும் என்று கடைகளுக்கான வழிகாட்டுக் குறிப்புகள் தயாரித்தார்கள். துப்பாக்கி வியாபாரமே இந்த உண்மையை உணர்ந்திருக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல சான்று தேவையில்லை.

சாகத் துணிந்தவனை 150 டாலரா தடுக்கும், அல்லது தள்ளும் என்று கேட்பார்கள். மேலே சொன்ன எண்கள் எதுவும் கட்டணத்தைக் காரணமாகக் காட்டவில்லை. நானும் அப்படிச் சொல்லவில்லை. ஆனால் காத்திருப்புச் சட்டம் முழுவதும் ஒரே நம்பிக்கையின் மேல் நிற்கிறது: சிறு தடைகள் பெரிய முடிவுகளை மாற்றும். பத்து நாள் என்பது துணிந்தவருக்கு ஒரு பெரிய மதில் இல்லை. தயங்குகிறவருக்குத்தான் அது மதில். அதே தயங்குகிறவர் ஏழாம் நாள் காலையில் எழுந்து, "இது வேண்டாம்" என்று முதல்முறையாக நினைக்கும்போது, வீட்டு வாடகை கட்ட வேண்டிய வாரத்தில் 150 டாலரை இழக்க வேண்டுமா என்ற கணக்கும் கூடவே எழுகிறது. கட்டிய பணம் வீணாகாமல் இருக்க எடுத்து வைத்துக்கொள்ளலாம், பிறகு விற்றுக்கொள்ளலாம் என்று அவர் தனக்கே சமாதானம் சொல்லிக்கொள்ள இந்தக் கட்டணம் இடம் கொடுக்கிறது. சிறு தடைக்குச் சக்தி உண்டு என்று நம்பிக் காத்திருப்பை ஆதரிப்பவர், திரும்பும் வழியில் போடப்பட்ட சிறு தடைக்குச் சக்தி இல்லை என்று சொல்ல முடியாது.

வாங்குபவருக்குச் சட்டத்தில் பாதுகாப்பே இல்லையா என்றால், இருக்கிறது. எட்டாத உயரத்தில் இருக்கிறது. லூசியானா நீங்கலாக எல்லா மாநிலங்களும் ஏற்ற ஒருசீர் வணிகச் சட்டத்தொகுப்பின் விற்பனைப் பகுதியின்படி, வாங்குபவரே பின்வாங்கினாலும் ஒப்பந்தத்தில் வேறு விதி இல்லாத இடத்தில் விற்பவர் வைத்துக்கொள்ளக்கூடியது மொத்த விலையில் 20 சதவீதம் அல்லது 500 டாலர், இவற்றில் எது குறைவோ அது. தனக்கு நேர்ந்த இழப்பு அதைவிட அதிகம் என்று விற்பவர் நிறுவினால் அது வேறு. ஒப்பந்தத்தில் இழப்பீட்டுத் தொகை எழுதப்பட்டிருந்தால் அது நியாயமானதாக இருக்க வேண்டும். அளவுக்கு மீறினால் தண்டம் என்று கருதப்பட்டுச் செல்லாமல் போகும். கலிஃபோர்னியா இன்னும் ஒரு படி மேலே போகிறது. சொந்தப் பயனுக்காகச் சில்லறையில் வாங்கும் பொருட்களில், உண்மையான இழப்பைக் கணக்கிடுவது மிகக் கடினம் என்றிருந்தால் ஒழிய முன்கூட்டியே எழுதிவைத்த இழப்பீடு செல்லாது. பின்னறையில் கிடந்த துப்பாக்கியால் நேர்ந்த இழப்பைக் கணக்கிடுவதில் என்ன கடினம்? என் வாசிப்பில், இந்தச் சதவீதக் கட்டணம் அந்த விதியின் முன் நிற்பது சிரமம். ஆனால் 150 டாலருக்காகச் சிறு வழக்கு மன்றத்தில் ஒரு நாள் சம்பளத்தை விட்டுவிட்டுக் காத்திருக்கப் போகிறவர் யார்? அதிலும், துப்பாக்கி வாங்கி ஏன் மனம் மாறினேன் என்பதை மன்றத்தில் சொல்ல விரும்பும் மனிதர் யார்? இன்னொரு பக்கம், அதே மாநிலத்தில் திரும்பப் பெறமாட்டோம் என்பதைப் பளிச்சென்று எழுதி ஒட்டினாலே போதும், கடை தன் கடமையைச் செய்ததாகிவிடும். கல்லா அருகே தொங்கும் அறிவிப்பின் வேலை அதுதான். வீட்டு வாசலில் வந்து விற்பவரிடம் வாங்கிய பொருளை மூன்று வேலைநாளுக்குள் காரணம் சொல்லாமல் ரத்து செய்யலாம் என்ற கூட்டரசு விதி 1974 முதல் நடைமுறையில் இருக்கிறது. வாசலில் விற்ற தூசி உறிஞ்சும் இயந்திரத்துக்கு அது பொருந்தும். விற்பவரின் நிரந்தரக் கடையில் வாங்கிய துப்பாக்கிக்குப் பொருந்தாது.

கடைக்காரரின் முதலீடு பத்து நாள் முடங்குகிறதே, அந்தத் துப்பாக்கியை இன்னொருவருக்கு விற்றிருக்கலாமே என்பது நியாயமான கேள்விதான். ஆனால் அந்த முடக்கத்தை ஏற்படுத்தியது மாநிலம். மாநிலத்தின் நோக்கத்துக்காக ஏற்பட்ட செலவு அந்தத் தொழிலின் செலவு. துப்பாக்கியை எடுத்துப் போகிற ஒவ்வொரு வாடிக்கையாளர் விஷயத்திலும் கடை அதைச் சுமக்கவே செய்கிறது. இதில் இன்னொரு சமமின்மை உண்டு. கையளிக்கும் கணம் வரை வியாபாரி எந்த விற்பனையையும் தானாக நிறுத்தலாம். வாங்க வந்தவரின் பேச்சோ நடத்தையோ சரியில்லை என்று தோன்றினாலே போதும். சரியான விதி இது. ஆனால் ஒரு தரப்பு காரணமே சொல்லாமல் விலகலாம், மறு தரப்பு விலகினால் கால் பங்கு பணம் போகும் என்ற ஒப்பந்தத்தை நியாயமானது என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. பின்னணிச் சோதனையில் நிராகரிக்கப்பட்டவரிடமும் சில கடைகள் இதே கட்டணத்தைப் பிடிக்கின்றன. பெயர் ஒற்றுமையால் தவறாக நிராகரிக்கப்பட்டு மேல்முறையீட்டில் வென்றவருக்கும் போன பணம் தானாகத் திரும்பாது.

துப்பாக்கி உரிமையில் நம்பிக்கை கொண்டவர்கள், கையளிக்கும் முன் அபராதமின்றி ரத்து செய்யும் உரிமையை இன்னொரு கட்டுப்பாடாகப் பார்க்க வேண்டியதில்லை. வாங்குவதை இது தடுக்காது. ரத்து செய்தவர் அடுத்த மாதம் வந்து மறுபடி வாங்கலாம். தனிமனித முடிவை மதிக்கிறோம் என்பவர்கள், வேண்டாம் என்ற முடிவையும் அந்த மனிதருடையதாகவே மதிக்க வேண்டும். சட்டத்தில் சேர்க்க வேண்டியதும் அதிகமில்லை. துப்பாக்கி வாங்குபவரின் கையில் ஒப்படைக்கப்படும் வரை அவர் காரணம் சொல்லாமல் ரத்து செய்யலாம். மாநிலத்துக்குப் போன கட்டணமும், அவருக்கென்றே சிறப்பாகத் தருவித்த துப்பாக்கியின் உண்மையான போக்குவரத்துச் செலவும் நீங்கலாக மற்றதெல்லாம் அவர் கட்டிய அதே வழியில் பணமாகவே திரும்ப வேண்டும். நியூ மெக்சிகோவின் ஏழு நாள் காத்திருப்பை 2025இல் பத்தாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்க மறுத்ததைப் பார்த்தால், மற்ற மாநிலங்களின் காத்திருப்புச் சட்டங்களும் ஒவ்வொன்றாகக் கேள்விக்குள்ளாகலாம். அப்படி ஆனாலும் ரத்து உரிமைக்கான தேவை போய்விடாது. பணம் கட்டிய பிறகு பின்னணிச் சோதனையின் விடை தாமதமானால், கூட்டரசுச் சட்டப்படியே மூன்று வேலைநாள் வரை துப்பாக்கி கடையில் இருக்க வேண்டியிருக்கிறது. 21 வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்கு 2022இல் வந்த கூட்டரசுச் சட்டத்துக்குப் பிறகு அது பத்து வேலைநாள் வரை நீளலாம். காத்திருப்புச் சட்டம் இல்லாத மாநிலத்திலும் யாரோ ஒருவர் துப்பாக்கி தன் கைக்கு வருமுன் அந்தச் சில நாட்களைக் கழிக்கிறார். ரத்து உரிமை அங்கிருந்தே தொடங்க வேண்டும்.