திணையும் தொழிலும்

ஐந்திணைகளைத் தத்தம் தொழிலோடு ஒன்றோடொன்று கலவாத வாழ்க்கைப் பிரிவுகளாகக் கொள்வார் உளர். அக்கொள்கை ஆராயத்தக்கது. தொல்காப்பியர் தெய்வம் சுட்டி வகுத்த நிலங்கள் நான்கே. பாலைக்கு நிலம் கூறிற்றிலர். முல்லையும் குறிஞ்சியும் வெம்மையால் திரிந்து பாலையாதலை இளங்கோவடிகள் உரைப்பர். எனவே, ஆறலைத்தலை ஒரு நிலத்தார்க்கு இயல்பாய தொழில் எனல் பொருந்தாது. வறட்சி தந்த பிழைப்பு அது.

உமணர் நிலையோ இதனினும் தெளிவுடையது. நெய்தலில் உப்பு விளையும், நெல் விளையாது. ஆதலின், உப்பை விற்று நெல்லொடு மீண்ட படகுகளைப் பட்டினப்பாலை காட்டுகின்றது. உள்நாடு நோக்கிய வழியிலோ, குழந்தையை உடைய மகளிரே எருதுகளை ஓட்டுதலைப் பெரும்பாணாற்றுப்படையிற் காண்கிறோம். இவர்தம் வாழ்வை நெய்தலுள் மட்டும் அடக்குதல் யாங்ஙனம்? பள்ளமும் மேடும் அச்சை முறிக்குமென அஞ்சி, வண்டியின்கீழ் மாற்றச்சு ஒன்றையும் அவர் கட்டிச் சென்றனர் என்பது புறநானூற்று 102ஆம் பாட்டால் விளங்கும்.