பார்பரா பௌமின் திரையுடைகள்: வரலாற்றுத் திறனாய்வாக ஆடை

முன்னுரை

திரைப்படத் திறனாய்வு பெரும்பாலும் இயக்குநரையே படைப்பாளியாகக் கொள்கிறது. உடையமைப்பு துணைக்கலை என்ற அளவில் நின்றுவிடுகிறது. தமிழில் வழங்கும் 'ஆடை அலங்காரம்' என்னும் தொடரும் உடையை அழகூட்டும் பொருளாகவே சுட்டுகிறது. ஜெர்மன் மொழியோ இக்கலைஞரைக் 'கோஸ்ட்யூம்பில்ட்னர்', அதாவது உடைவழிப் படிமம் சமைப்பவர், என்கிறது. இவ்விரு பார்வைகளுள் எது பொருந்தும் என்பது பார்பரா பௌமின் திரைப்பணிவழி இங்கு ஆராயப்படுகிறது.

ஃபாஸ்பிண்டருடனான பணி

ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டரின் 'எஃபி பிரீஸ்ட்' (1974) முதல் அவர் மறைந்த 1982இல் வெளிவந்த 'குவெரெல்' வரை பௌமின் பங்களிப்பு தொடர்ந்தது. தியோடர் ஃபொன்டானேயின் புதினத்தைத் தழுவிய 'எஃபி பிரீஸ்ட்' கருப்பு வெள்ளைப் படம். வண்ணம் இல்லாத இடத்தில் துணியின் நெசவும், வெண்மைக்கும் கருமைக்கும் இடைப்பட்ட சாயல்களுமே பொருளுணர்த்தவேண்டும். இளம்பெண் ஒருத்தியைச் சமூக ஒழுங்கு இறுக்கும் கதைக்கு, உடலை இறுக்கும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஆடையே உருவகமாகிறது.

ஆடையே கதையை நகர்த்தும் நிலையை 'மரியா பிரௌனின் திருமணம்' (1979) படத்தில் காணலாம். 1943இல் குண்டுவீச்சுக்கிடையே நிகழும் திருமணத்தில் தொடங்கும் படம், 1954 உலகக்கோப்பைக் கால்பந்து இறுதியாட்டத்தின் வானொலி வருணனையோடு முடிகிறது. போருக்குப்பின் மரியா கள்ளச்சந்தையில் நகையைக் கொடுத்து ஆடை ஒன்றைப் பெறுகிறாள். அமெரிக்கப் படைவீரர்கள் வரும் மதுக்கூடத்தில் அவள் வேலை செய்வதற்கு அந்த ஆடையே மூலதனம். அச்சந்தை வணிகன் கிளைஸ்டின் நூல்தொகுதியையும் விற்க முன்வருகிறான். புத்தகங்கள் விரைவில் எரிந்துவிடும், குளிருக்கு உதவா என்று அவள் மறுக்கிறாள். நூல் விறகாகவும் ஆடை முதலாகவும் மதிப்பிடப்படும் இக்காட்சியில் அக்காலத்தின் அறமே அளக்கப்படுகிறது. பின்னர் மரியாவின் உடைகள் செழிக்குந்தோறும் மேற்கு ஜெர்மனியின் 'பொருளாதார அதிசயம்' கண்முன் வளர்கிறது. அவள் மனமோ வறள்கிறது. உடையின் ஏற்றமும் உள்ளத்தின் இறக்கமும் எதிரெதிராகச் செல்லும் இம்முரணை உரையாடல் மட்டும் தாங்கியிருக்க இயலாது.

1950களின் ஜெர்மனியைக் காட்டும் பிற இரு படங்களில் இம்முறை இருவேறாக விரிகிறது. 'லோலா' (1981) மிகுவண்ணப் படம். விலைமகளிர் விடுதியில் பாடும் பெண், இறுதியில் வெள்ளை மணவுடையில் ஊரின் மதிப்பைப் பெறுகிறாள். ஊழல் அப்படியே நிற்க, உடை மட்டுமே மாறியிருக்கிறது. 'வெரோனிகா ஃபோஸ்' (1982) மீண்டும் கருப்பு வெள்ளைக்குத் திரும்புகிறது. புகழிழந்த நடிகைக்கு நட்சத்திர உடை கடந்தகாலத்தின் எச்சமாகிறது. பெர்லின் திரைப்பட விழாவில் இப்படம் தங்கக்கரடி விருது பெற்றது.

பிற்காலப் பணி

ஃபாஸ்பிண்டருக்குப்பின் பௌம், ஷ்லோண்டார்ஃபின் 'ஹோமோ ஃபாபர்' (1991), பிலே ஆகஸ்டின் 'ஆவிகளின் இல்லம்' (1993), ஹைன்ரிஷ் பிரெலோயரின் 'புடன்புரோக்ஸ்' (2008) முதலிய படங்களில் பணியாற்றினார். தலைமுறைகள் கடக்கும் பெருங்கதைகளில் காலத்துல்லியமும் கைவினைத் தேர்ச்சியும் குறையவில்லை. எனினும், 'மரியா பிரௌனில்' உடை கதைமாந்தரை விசாரிக்கிறது. 'புடன்புரோக்ஸில்' அது பெரும்பாலும் காலத்தை அடையாளங்காட்டுவதோடு அமைகிறது. இவ்வேறுபாட்டை வடிவமைப்பாளரின் குறையாகக் கொள்வது பொருந்தாது. வரலாற்றைக் கேள்விக்குள்ளாக்கும் திரைக்கதை இருக்கும்போதே உடையும் கேள்வி கேட்கிறது. மரபுப்பெருமையைக் கொண்டாடும் படத்தில் அதுவும் கொண்டாட்டமாகிவிடுகிறது.

முடிவுரை

2015இல் ஜெர்மன் திரைப்பட விருதின் சிறப்பு மதிப்புறு விருது பௌமுக்கு வழங்கப்பட்டது. ஆயினும் விருதளிப்பது வேறு, ஆய்வில் இடமளிப்பது வேறு. ஃபாஸ்பிண்டரின் பெண் மாந்தர் குறித்த எந்த ஆய்வும் அவர்கள் உடுத்தியிருப்பதை விலக்கி முழுமை பெறாது. உடையை அலங்காரமாக அன்றிப் பனுவலாக வாசிக்கும் முறை வலுப்பெறும்போதே, திரைப்படம் பலர் சேர்ந்து இயற்றும் கலை என்னும் உண்மை திறனாய்விலும் நிலைபெறும்.