கண்ணாடி நாட்டின் நிலமும் காலமும்

லூயிஸ் கரோலின் 'த்ரூ தி லுக்கிங் கிளாஸ்' 1871ஆம் ஆண்டின் இறுதியில் வெளிவந்தது. 1865இல் வெளியாகிப் புகழ்பெற்ற 'ஆலிஸின் அற்புத உலக'த்தின் தொடர்ச்சி இது. கரோலின் இயற்பெயர் சார்ல்ஸ் லட்விட்ஜ் டாட்சன். ஆக்ஸ்ஃபோர்டின் கிறைஸ்ட் சர்ச் கல்லூரியில் கணிதம் கற்பித்தவர்.

தலைகால் புரியாத வேடிக்கைக் கதை, கனவென்பதால் இதில் எதுவும் நடக்கலாம் என்பதே இந்நூலைப் பற்றிப் பரவலாகச் சொல்லப்படும் கருத்து. நூலை ஊன்றிப் படித்தால் அக்கருத்து நிற்காது. இங்கே நிலமும் காலமும் நிலையற்றவைதான். ஆனால் அந்த நிலையின்மைக்குள் ஓர் உறுதியான விதி இருக்கிறது. அந்த விதியில்தான் கதையின் துயரமும் இருக்கிறது.

நிலம்

கண்ணாடிக்குள் புகுந்த ஆலிஸ் வீட்டைவிட்டு வெளியே வந்து எதிரிலுள்ள குன்றை நோக்கி நடக்கிறாள். எந்தப் பாதையில் போனாலும் வீட்டு வாசலுக்கே திரும்பி வருகிறாள். சிவப்பு ராணியை அடைய வேண்டுமானால் அவளுக்கு எதிர்த்திசையில் நடக்க வேண்டும். பின்பு இருவரும் மூச்சுமுட்ட ஓடுகிறார்கள். நின்று பார்த்தால் அதே மரத்தடியில் இருக்கிறார்கள். ஓர் ஆடு நடத்தும் கடையில், உற்றுப் பார்க்கும் அலமாரி மட்டும் காலியாகத் தெரிகிறது. பிறகு அந்தக் கடையே ஆற்றில் செல்லும் படகாகிவிடுகிறது.

ஆனால் குன்றின் மேலிருந்து பார்க்கும்போது நாடு முழுவதும் ஒரு சதுரங்கப் பலகையாகத் தெரிகிறது. ஓடைகளும் வேலிகளும் கட்டங்களைப் பிரிக்கின்றன. ஆலிஸ் ஒரு வெள்ளைச் சிப்பாய். எட்டாவது கட்டத்தை அடைந்தால் ராணியாகலாம். சிப்பாய்க்கு முதல் நகர்வில் இரண்டு கட்டம் செல்ல உரிமையுண்டு. அதனால்தான் மூன்றாம் கட்டத்தை அவள் ரயிலில் கடக்கிறாள்.

காலம்

வெள்ளை ராணியின் நினைவு முன்னும் பின்னும் ஓடுகிறது. அவள் முதலில் விரலில் கட்டுப் போடுகிறாள், பிறகு அலறுகிறாள், கடைசியில்தான் ஊசி குத்துகிறது. அரசனின் தூதன் ஒருவன் ஏற்கெனவே சிறையில் இருக்கிறான். விசாரணை அடுத்த புதன்கிழமை. குற்றம் நடப்பது எல்லாவற்றுக்கும் பின்னால். அவன் குற்றமே செய்யாமல் போனால் என்ன ஆகும் என்று ஆலிஸ் கேட்கிறாள். அதுவும் நல்லதுதானே என்கிறாள் ராணி. ஆலிஸுக்கு அதில் ஏதோ தவறு இருப்பது தெரிகிறது. அதை எடுத்துச் சொல்லத்தான் தெரியவில்லை. காரணமும் விளைவும் இடம்மாறிய நாட்டிலும் அவளுடைய நியாய உணர்வு இடம்மாறவில்லை. மாணவர்கள் இங்கே சற்று நின்று யோசிக்க வேண்டும். தண்டனை முதலில், குற்றம் பிறகு என்பது வெறும் வேடிக்கையா?

சிப்பாயின் வழி

ஏழாம் கட்டத்தில் வெள்ளைக் குதிரைவீரன் வருகிறான். வயதானவன், அன்பானவன், அடிக்கடி குதிரையிலிருந்து விழுபவன். காட்டின் எல்லைவரை ஆலிஸுக்குத் துணையாக வருகிறான். தான் கண்ணுக்கு மறையும்வரை நின்று கைக்குட்டையை அசைக்கும்படி கேட்டுக்கொண்டு திரும்பிப் போகிறான். அவள் அசைக்கிறாள். பிறகு கடைசி ஓடையைத் தாண்டி ராணியாகிறாள்.

நூலின் முகப்பில் தரப்பட்டுள்ள ஆட்டக் குறிப்பைப் பார்த்தால் இதன் பொருள் விளங்கும். குதிரை தன் பழைய கட்டத்துக்கே திரும்புகிறது. ராணிகள் எத்திசையிலும் நகரலாம். சிப்பாய் மட்டும் பின்னால் போக முடியாது. காலம் தாறுமாறாக ஓடும் நாட்டில், குழந்தையின் காலம் மட்டும் ஒரே திசையில் ஓடுகிறது. அவள் வளர்ந்தே ஆகவேண்டும். உடன் வந்தவன் பின்தங்கியே ஆகவேண்டும்.

கதையில் ஆலிஸுக்கு ஏழரை வயது. கரோல் யாருக்காக முதற்கதையைச் சொல்லத் தொடங்கினாரோ அந்த ஆலிஸ் லிடெலுக்கு இந்நூல் வெளிவந்தபோது வயது 19. குதிரைவீரனில் கரோலையே காணும் வாசகர்கள் பலர். அந்த ஊகத்தை ஏற்காதவர்க்கும் அக்காட்சியின் கனம் குறையாது. அதைப் பல ஆண்டுகளுக்குப் பின்னும் ஆலிஸ் தெளிவாக நினைவுகூர்ந்தாள் என்று கதைசொல்லியே குறிப்பிடுகிறார்.

குறையும் நிறையும்

சதுரங்க விதி நூல் முழுவதும் சரியாகப் பின்பற்றப்படவில்லை. சிவப்பும் வெள்ளையும் மாறிமாறி ஆடும் ஒழுங்கு பல இடங்களில் குலைகிறது. பின்னாளைய பதிப்பின் முன்னுரையில் கரோலும் இதை ஒப்புக்கொண்டார். ஆட்டமாகப் பார்த்தால் இது குறைதான். ஆனால் சிப்பாய் முன்னோக்கியே நகரும் என்ற விதியை அவர் ஓரிடத்திலும் தளர்த்தவில்லை. கதையைத் தாங்கி நிற்பது அந்த ஒரு விதியே.

கற்பனை நாடு படைக்க விரும்பும் இளம் எழுத்தாளர்களுக்கு இதில் பாடம் உண்டு. மலையை நகர்த்தலாம், நாளைத் திருப்பலாம். ஆனால் எது மாறாது என்று எழுதுபவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். அது இல்லாவிட்டால் வாசகர் வியப்பார், வருந்தமாட்டார். கண்ணாடி நாட்டில் நாம் சிரித்துக்கொண்டே போகிறோம். கைக்குட்டை அசையும் இடத்தில் சிரிப்பு நின்றுவிடுகிறது.