பிடிமண்ணும் சிமெண்டும்

புரவி எடுப்பு பிடிமண்ணில் தொடங்குகிறது. அய்யனார் கோயில் எல்லையில் ஒரு கைப்பிடி மண் எடுத்து, வெற்றிலை பாக்கும் முன்பணமும் சேர்த்து ஊர்ப் பெரியவர்கள் குயவரான வேளாரிடம் கொடுப்பார்கள். தாம் மிதித்துப் பதப்படுத்திய களிமண்ணில் அதைக் கலந்து வேளார் குதிரை செய்வார். சுட்டு, வண்ணம் பூசி, கண் திறந்ததும் ஊரே திரண்டு அந்தக் குதிரைகளைச் சுமந்துபோய்க் கண்மாய்க் கரையில் சாமிக்கு முன்னால் நிறுத்தும். அத்தோடு சரி. பிறகு அவற்றுக்கு யாரும் கூரை போடுவதில்லை, ஒட்டுப்போடுவதும் இல்லை. வெயில் தின்று, மழை அடித்து, காது உடைந்து, கால் விண்டு, ஓட்டுச் சில்லாகிக் கடைசியில் கரையோடு கலந்துவிடும். மதுரை, சிவகங்கை, புதுக்கோட்டை, இராமநாதபுரம் தொடங்கி அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரம் வரை வானம் பார்த்த பூமி முழுவதும் அறிந்த வழக்கம் இது. இன்றோ பல கரைகளில் மண் குதிரை நின்ற இடத்தில் சிமெண்டுக் குதிரை எனாமல் பெயிண்ட் பளபளக்க நிற்கிறது. இனி உடையாது என்ற நிம்மதியோடு ஊரும் அதை ஏற்றுக்கொண்டுவிட்டது. உடைவதைக் குறையாகக் கருதியதால் வந்த மாற்றம் இது. ஆனால் உடைவதில்தான் இந்தக் கலையின் உயிர் இருக்கிறது. அந்த உயிர் நிலைக்க வேண்டுமானால், இந்த வழக்கம் தன்னுடைய சொந்தக் குற்றங்களையும் திருத்திக்கொண்டாக வேண்டும்.

முதலில் நிலத்தைப் பார்க்க வேண்டும். இந்தப் பகுதியில் ஆண்டுக்குச் சுமார் 800 மில்லிமீட்டர் மழை பெய்கிறது. அதில் ஏறக்குறைய பாதி ஐப்பசி, கார்த்திகையை ஒட்டிய வடகிழக்குப் பருவமழை. திருச்சுழியைத் தொட்டுப் போகும் குண்டாறு ஆண்டின் பெரும்பகுதி மணலாகக் கிடக்கிறது. வந்த மழையைப் பிடித்துவைக்கும் கண்மாய்தான் இங்கே உயிர்நாடி. அதன் கரை உடைந்தால் அந்த வருஷ விவசாயமே போய்விடும். இரவில் குதிரையேறிக் கரையைச் சுற்றிவந்து காவல் காக்கும் தெய்வமாக அய்யனாரை மக்கள் கண்டது இந்த அச்சத்திலிருந்தும் இந்த நம்பிக்கையிலிருந்தும்தான். அவருக்குரிய வாகனத்தை எந்தக் கண்மாயை அவர் காக்கிறாரோ அதன் களிமண்ணிலேயே செய்து, அதன் கரையிலேயே நிறுத்துகிறார்கள். மண் வெட்டிய இடம் ஆழமாகி அடுத்த மழைக்குக் கூடுதல் தண்ணீர் பிடிக்கிறது. தண்ணீர், மண், தெய்வம், கைவினைஞர், விவசாயி எல்லாரும் ஒரே கரையில் கூடும் ஏற்பாடு இது. இதில் சிற்பத்தை மட்டும் தனியே எடுத்து அழகு பார்க்க முடியாது.

சிற்பமாகப் பார்த்தாலும் அதன் நுட்பம் எளிதானதல்ல. களிமண்ணோடு மணலும் உமியும் சேர்த்துப் பிசைகிறார்கள். சூளையில் உமி எரிந்துபோய் விட்டுச்செல்லும் நுண்துளைகள்தான் தடித்த மண்ணை வெடிக்காமல் காக்கின்றன. முதலில் நான்கு கால்களையும் உள்ளே கூடான உருளைகளாக எழுப்பி, கொஞ்சம் இறுகவிட்டு, அவற்றின் மேல் திரித்த மண்ணைச் சுற்றிச் சுற்றி வயிற்றையும் முதுகையும் கழுத்தையும் வளர்க்கிறார்கள். உள்ளே ஒரு கை தாங்க, வெளியே மரத்தட்டு தட்டிக்கொண்டே வரும். அதிகம் காய்ந்தால் மேல்மண் ஒட்டாது, காயாவிட்டால் கால் மடங்கிவிடும். பதம் பார்ப்பது முழுக்க விரலின் அறிவு. உருவாகி வரும் குதிரை உயிருள்ள குதிரையின் நகல் அல்ல. தூண் போன்ற கால்கள், விறைத்த கழுத்து, விழித்த கண், கழுத்தில் மணிமாலை எல்லாம் சேர்ந்து, பாயத் தயாராகி நிற்கும் விசையை அது காட்டுகிறது. இந்த நிலத்தில் குதிரை விவசாயியின் கால்நடை அல்ல. பாண்டிய மன்னர்கள் கடல்வழியே பெரும்பொருள் கொடுத்து அவற்றை வரவழைத்ததையும், வந்தவை பிழைக்காமல் மடிந்ததையும் 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் இங்கு வந்த மார்க்கோ போலோ எழுதியிருக்கிறார். அரசனுக்கே அரிதான ஒன்றை, உழுது பிழைப்பவர் தம் கண்மாய் மண்ணில் செய்து தெய்வத்துக்குத் தருகிறார். தன்னிடம் இல்லாததையும் காணிக்கையாக்கும் வல்லமையை அவருக்குக் கொடுத்தது இந்தக் கலை.

நிலையாத உருவத்தை வழிபடுவது படிப்பறியாத கிராமத்து நம்பிக்கை என்று சொல்பவர்கள் உண்டு. சாத்திர மரபே இதை மறுக்கிறது. கல்லில் நிலைநிறுத்தும் திருமேனியைப் பேசும் ஆகமங்கள், மணலிலும் மண்ணிலும் மாவிலும் பிடித்து வழிபாடு முடிந்ததும் கலைத்துவிடும் க்ஷணிக லிங்கத்தையும் ஏற்கின்றன. விநாயகர் சதுர்த்தியன்று பிடித்த மண் பிள்ளையாரை வீடுகள்தோறும் நீரில் கரைக்கிறோம். பூரி ஜெகந்நாதரின் மரத் திருவுருவங்கள் 2015இல்கூடப் புதிதாகச் செய்யப்பட்டுப் பழையவை மண்ணுக்குள் போயின. ஜப்பானின் இசே ஆலயத்தை 20 ஆண்டுக்கு ஒருமுறை புதிதாகக் கட்டுகிறார்கள். கடைசியாகக் கட்டியது 2013இல். திருச்சுழியில் சுந்தரர் பாடிய இறைவனுக்குத் திருமேனிநாதர் என்று பெயர், பூமிநாதர் என்றும் பெயர். கல்லில் நிலைத்த திருமேனி ஒருபுறம் இருக்க, பூமியின் மண்ணும் அதே தெய்வத்தின் பெயரில் இடம்பெறுகிறது. மூலவருக்கு நாள்தோறும் நீராட்டும் அலங்காரமும் உண்டு என்பதால் அங்கே நிலைத்த உருவம் வேண்டும். நேர்த்திக்கடனுக்கோ கொடுக்கும் செயல்தான் உயிர். கரையில் இறக்கிவைத்த கணத்தில் கடன் தீர்ந்துவிடுகிறது. அதற்குப் பிறகு குதிரை உடைவதால் பக்தி உடைவதில்லை. அடுத்த பஞ்சமோ அடுத்த குழந்தையோ அடுத்த குதிரையைக் கேட்கும். இப்படி மறுபடி மறுபடி செய்ய வேண்டியிருப்பதால்தான் கைத்திறன் அப்பனிடமிருந்து பிள்ளைக்குப் போய்ச் சேர்கிறது.

இன்னொரு பெருமையும் இந்த வழக்கத்துக்கு உண்டு. பெருங்கோயிலில் ஸ்தபதி சிலையைச் செய்து முடித்ததும் ஒதுங்கிக்கொள்வார். அதன்பின் அதைத் தொடும் உரிமை அர்ச்சகருக்குத்தான். அய்யனார் கோயில்கள் பலவற்றில் மண்ணைப் பிசைந்த கையே கண் திறக்கிறது, தீபமும் காட்டுகிறது. மதுரை வட்டார வேளாரை ஆராய்ந்த கனடா மானிடவியலாளர் ஸ்டீபன் இங்லிஸ், செய்வதும் தெய்வமாக்குவதும் ஒரே சமூகத்திடம் இருப்பதைத்தான் தம் ஆய்வின் மையமாக்கினார். திருவிழாவைத் தெருவில் அறிவிக்கும் குயவரையும் பலியிடும் குயவரையும் நற்றிணை காட்டுவதால், இந்த உறவு சங்க காலம்வரை பின்னோக்கிப் போகிறது. இதே குண்டாற்றங்கரையில் கீழே இருக்கும் கமுதியில் 1897இல் நாடார்கள் மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நுழைந்தார்கள். அது வழக்காகி லண்டன் பிரிவி கவுன்சில்வரை போனது. 1908இல் தீர்ப்பு அவர்களுக்கு எதிராகவே வந்தது. கல் கோபுரத்தின் வாசல் பலருக்கு மூடியிருந்த அந்த நாள்களில், கூரையில்லாத மண் தெய்வங்கள்தான் தொட்டுக் கும்பிடக் கூடியவையாக இருந்தன.

அதனால் கண்மாய்க் கரை சமத்துவத்தின் கரையாக இருந்தது என்று சொல்லிவிட முடியாது. பிடிமண் யார் கொடுப்பது, யார் குதிரை முன்னால் போவது, முதல் மரியாதை யாருக்கு என்பவை எல்லாம் சாதிப் படிநிலையை ஆண்டுதோறும் ஊரறிய ஒப்பிக்கும் சடங்குகளாகவும் இருந்துவந்தன. தேர்வடம் பிடிக்கும் உரிமைக்காகச் சிவகங்கை மாவட்டம் கண்டதேவியில் நடந்த நெடிய போராட்டம், விழா மரியாதை எவ்வளவு கூர்மையான ஆயுதமாக மாறும் என்பதற்குச் சான்று. வேளாருக்குக் கிடைத்த மரியாதையும் பெரும்பாலும் விழா நாளோடு முடிந்துவிடுகிறது. வாரக்கணக்கில் ஒரு குடும்பமே மண்ணோடு கிடந்து செய்யும் வேலைக்குக் கூலி என்று சொல்லாமல், வழக்கம் என்ற பெயரில் கொஞ்சம் கொடுத்து முடித்துவிடும் ஊர்கள் உண்டு. மண் பிசைவதில் வீட்டுப் பெண்களின் உழைப்பு இருக்கிறது, சாமிக்கு முன்னால் நிற்பவரோ பெரும்பாலும் ஆண்தான். கலை வரலாற்றுக்கும் இதில் இழப்பு உண்டு. ஐம்பது ஆண்டுக்கு முந்தைய ஒரு குதிரையை யார் செய்தார், எந்த ஆண்டில் செய்தார் என்று சொல்ல எந்தத் தடயமும் மிஞ்சுவதில்லை. வேளார் வீட்டுப் பிள்ளை பஞ்சாலைக்கோ கட்டட வேலைக்கோ போனால் அவரைக் குறை சொல்ல யாருக்கும் உரிமை இல்லை.

சிமெண்டின் பக்கமும் நியாயம் இருக்கிறது. கடன் வாங்கிக் குதிரை எடுத்த ஏழை, அது இரண்டு மழையில் சிதைவதைப் பார்த்து வருந்துவது இயல்பு. நல்ல களிமண் கிடைப்பதும் அரிதாகிவிட்டது. கண்மாயில் மண் எடுக்க அலுவலகம் அலுவலகமாக அலைய வேண்டியிருந்தது. சிமெண்டில் உருவம் செய்பவரும் கைத்தொழிலாளிதான். நிலைத்த குதிரையும் நம் மரபில் இல்லாதது அல்ல. புதுக்கோட்டை மாவட்டம் குளமங்கலத்தில் பெருங்காரையடி மீண்ட அய்யனாருக்கு 33 அடி உயரத்தில் பாயும் குதிரை நிற்கிறது. ஆனால் அந்தக் குதிரையைச் சற்று உற்றுப் பார்க்க வேண்டும். மாசி மகத்தன்று பக்தர்கள் அதன் உடம்பு மறையும் அளவுக்குக் காகித மாலைகளைச் சாத்துகிறார்கள். வெயிலில் வெளுத்து மழையில் நைந்து அவை உதிர்ந்துபோகும், மறு ஆண்டு புது மாலைகள் வரும். குதிரை நிலைத்துவிட்டது, ஆனாலும் அழிந்து புதுப்பிக்கும் காணிக்கை இல்லாமல் பக்தியால் இருக்க முடியவில்லை. அப்படிப் புதுப்பிக்கும் வழியை விட்டுவைக்காமல் வரும் சிமெண்டுக் குதிரையைத்தான் நான் குறை சொல்கிறேன். அது நின்றுவிட்டால் அடுத்த முறை பிடிமண் கொடுக்கத் தேவையில்லை, வேளாரைத் தேடிப் போகத் தேவையில்லை, கண்மாயில் மண் வெட்டவும் தேவையில்லை. நூறு குடும்பம் தலைக்கு ஒரு குதிரை சுமந்த இடத்தில், ஒரே செல்வந்தரின் பெயர் உபயம் என்று பீடத்தில் ஏறிவிடுகிறது. சிமெண்டு அழியாதது என்பதும் பாதி உண்மைதான். உள்ளே வைத்த கம்பி துருப்பிடித்துப் பெருத்தால் கால் வெடிக்கும், பெயிண்டும் உரிந்து தொங்கும். உடைந்த மண் குதிரை கரையில் இயல்பாக அடங்கிப்போகிறது. கம்பி தெரிய நிற்கும் சிமெண்டுக் குதிரை அடங்க இடமில்லாமல் அப்படியே கிடக்கிறது.

எனவே இரண்டுக்கும் இடம் பிரித்துக் கொடுப்பதே முறை. மூலவருக்கும் கட்டடத்துக்கும் கல்லோ சுதையோ சிமெண்டோ இருக்கட்டும், நேர்த்திக்கடன் குதிரையும் குழந்தை வேண்டி வைக்கும் மதலையும் மண்ணாகவே இருக்கட்டும். கண்மாய்களில் வட்டாட்சியர் அனுமதியோடு கட்டணமின்றி மண் எடுக்க 2024இல் தமிழ்நாடு அரசு வழி செய்திருக்கிறது. மானாமதுரை மண்பாண்டத்துக்கு 2023இல் புவிசார் குறியீடு கிடைத்தது. பானைக்குக் கிடைத்த அந்த மதிப்பு குதிரை செய்யும் கைக்கும் கிடைக்க வேண்டும். அதற்கு ஊர்க்கூட்டம் செய்ய வேண்டியவை இரண்டு. வேளாரின் உழைப்புக்கு நாள் கணக்கில் முறையான கூலி பேச வேண்டும். பிடிமண் கொடுப்பதும் புரவி சுமப்பதும் ஊரிலுள்ள எல்லாத் தெருக்களுக்கும் உரியவை என்று ஆக்க வேண்டும். அய்யனார் காக்கும் கண்மாய்த் தண்ணீர் எல்லாத் தெருவின் தாகத்தையும் தீர்க்கிறபோது, அவருக்கான குதிரையை மட்டும் சில தெருக்களுக்கு என்று வைத்திருப்பது அவருடைய காவலையே சிறுமைப்படுத்துவது.

இழந்த வரலாற்றுக்கும் மண்ணிடமே மருந்து இருக்கிறது. சிவகங்கை மாவட்டத்தின் கீழடியில் அகழ்ந்தெடுத்த பானை ஓடுகளில் ஆதன், குவிரன் ஆதன் என்று தமிழி எழுத்தில் கீறிய பெயர்கள் இரண்டாயிரம் ஆண்டு கடந்தும் வாசிக்கக் கிடைக்கின்றன. பானைகள் என்றைக்கோ உடைந்துவிட்டன, ஓடு மட்டும் பெயரை விடாமல் வைத்திருக்கிறது. அடுத்த புரவி எடுப்பின்போது, குதிரையின் ஈரம் காயும் முன்பே அதன் வயிற்றடியில் வேளாரின் பெயரையும், கூட மண் பிசைந்த பெண்ணின் பெயரையும், ஆண்டையும் ஒரு குச்சியால் கீறிவைக்கட்டும். குதிரை வழக்கம்போல உடையட்டும். மழை கரைத்த கரையில் என்றாவது ஒரு சில்லு மேலே வரும்போது, செய்தவர் யார் என்பதை அது சொல்லும்.