நூறு கிராமும் நான்கு பேரும்

பாரிஸ் ஒலிம்பிக்கில் மகளிர் 50 கிலோ மல்யுத்த இறுதிப்போட்டி நடக்க வேண்டிய நாள், 2024 ஆகஸ்ட் 7. காலையில் எடை பார்த்தபோது வினேஷ் போகத் 100 கிராம் கூடுதலாக இருந்தார். சர்வதேசப் போட்டிகளில் அதுவரை தோல்வியே கண்டிராத ஜப்பானின் யுய் சுசாகியை முந்தைய நாள்தான் அவர் வீழ்த்தியிருந்தார். அந்த வெற்றி கைகொடுக்கவில்லை. தகுதிநீக்கம் செய்யப்பட்டு, பட்டியலில் கடைசி இடத்துக்குத் தள்ளப்பட்டார். விளையாட்டு நடுவர் தீர்ப்பாயமும் ஆகஸ்ட் 14-ல் அவரது முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. நாடே கொதித்தது. விதி கொடுமையானது என்றார்கள், மாற்ற வேண்டும் என்றார்கள். தராசு பொய் சொன்னது என்று மட்டும் யாரும் சொல்லவில்லை. அந்தப் பிரிவில் இறங்கிய ஒவ்வொருவரும் அதே தராசில் ஏறித்தான் வந்தார்கள்.

விதி கடுமையாக இருக்கலாம், ஆனால் அது எல்லோருக்கும் ஒன்றாக இருக்க வேண்டும். ஆட்டம் தொடங்கும் முன்பே அளந்து பார்க்க ஒருவர் நிற்க வேண்டும். விளையாட்டில் நியாயத்தின் அடிப்படை இவ்வளவுதான். அதே அளவுகோலை வெடி ஆபீஸ்கள் என்று எங்கள் பக்கம் சொல்லும் பட்டாசு ஆலைகளின் வாசலில் வைத்துப் பார்க்கலாம்.

விருதுநகர் மாவட்டம் சாத்தூரை அடுத்த அச்சங்குளத்தில் 2021 பிப்ரவரி 12, வெள்ளிக்கிழமை மதியம் பட்டாசு ஆலை ஒன்று வெடித்துச் சிதறியது. இருபதுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். பேன்சி ரகப் பட்டாசுக்கான மருந்தைக் கையாளும்போது ஏற்பட்ட உராய்வுதான் தொடக்கம் என்று செய்திகள் வந்தன. ஆனால் ஓர் உராய்வு ஓர் அறையோடு நின்றிருக்க வேண்டும். உரிமம் ஒருவர் பெயரில் இருந்தது. ஆலையை நடத்தியவர்கள் வேறு பலர். குத்தகை, அதற்குள் உள்குத்தகை என்று அறைகள் கைமாறியிருந்தது பிறகு வெளியே வந்தது. தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. ஓய்வுபெற்ற நீதிபதி கே. கண்ணன் தலைமையில் குழு அமைத்து விசாரித்து, இறந்தவர் ஒவ்வொருவரின் குடும்பத்துக்கும் 20 லட்சம் ரூபாய் வழங்க 2021 ஜூனில் உத்தரவிட்டது.

பட்டாசு அறை ஒன்றின் அமைப்பைத் தெரிந்துகொண்டால்தான் இந்தக் குற்றத்தின் கனம் புரியும். சின்ன அறை. ஆபத்து என்றால் பாய்ந்து வெளியேற ஒன்றுக்கு மேற்பட்ட வாசல்கள். தரையில் ரப்பர் விரிப்பு. உடம்பில் ஏறியிருக்கும் நிலைமின்சாரம் இறங்குவதற்காக, நுழையும்போது தொட்டுவிட்டுப் போக வாசலில் ஓர் உலோகத் தகடு. மருந்து செலுத்துகிறவரின் கையில் முழங்கை வரை அலுமினியப் பொடி வெள்ளிப் பூச்சாக ஒட்டியிருக்கும். அறைக்கும் அறைக்கும் நடுவே வெட்டவெளி. ஓர் அறையில் நான்கு பேருக்கு மேல் கூடாது என்பது இந்த வட்டாரத்தில் பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரிந்த கணக்கு. மருந்துக்கும் கிலோ கணக்கில் உச்சவரம்பு உண்டு. ஓர் அறை போனாலும் அடுத்த அறை பிழைக்க வேண்டும் என்பதற்காகவே இவ்வளவு ஏற்பாடும்.

உள்குத்தகை அதை அடியோடு உடைக்கிறது. உரிமக்காரருக்கு வாடகை வந்துவிடுகிறது, அன்றாட ஆபத்து அவர் தலையில் இல்லை. குத்தகைக்கு எடுத்தவர் கொடுத்த பணத்தைத் தீபாவளிக்குள் எடுத்தாக வேண்டும். அறைக்கு நான்கு பேர் போதாமல் எட்டுப் பேர் உட்காருகிறார்கள். அறை போதாமல் மரத்தடியில் வேலை நடக்கிறது. வெளியே வைக்கக் கூடாத சரக்கு வெளியே குவிகிறது. கூலியோ செய்த எண்ணிக்கைக்கு. கை எவ்வளவு வேகமோ அவ்வளவு காசு. நிதானமே உயிரைக் காக்கும் ஒரு வேலையில், நிதானமாகச் செய்கிறவருக்குக் குறைந்த கூலி.

பாதுகாப்பைப் பார்க்கிறவருக்கு நட்டம் என்ற இதே சிக்கலை மோட்டார் பந்தயமும் சந்தித்திருக்கிறது. நம் கோவை நரேன் கார்த்திகேயன் 2005-ல் இறங்கிய ஃபார்முலா ஒன் பந்தயத்தில் அன்றெல்லாம் ஓட்டுநரின் தலை திறந்தவெளியில்தான் இருந்தது. 2018-ல் தலையைச் சுற்றி ‘ஹாலோ’ என்ற உலோகக் காப்பு கட்டாயமானது. அழகு கெடும், எடை கூடும் என்று எதிர்த்தவர்களில் ஓட்டுநர் ரொமெய்ன் குரோஷானும் ஒருவர். 2020 நவம்பர் 29 அன்று பஹ்ரைனில் அவருடைய கார் தடுப்பில் மோதி இரண்டாகப் பிளந்து தீப்பிடித்தது. ஏறத்தாழ அரை நிமிடம் நெருப்புக்குள் இருந்தவர், கைகளில் தீக்காயத்தோடு தாமே எழுந்து வந்தார். ஹாலோ இல்லாவிட்டால் நான் இல்லை என்று பிறகு அவரே ஒப்புக்கொண்டார்.

அந்தக் காப்பு பலித்ததற்குக் காரணம் அது கட்டாயமானதுதான். விருப்பப்பட்டவர் மாட்டிக்கொள்ளலாம் என்று விட்டிருந்தால், மாட்டிய அணி எடை கூடிப் பின்தங்கியிருக்கும். மாட்டாதவர் கோப்பையோடு போயிருப்பார். எல்லாக் காருக்கும் ஒரே எடை ஏறியதால் யாருக்கும் நட்டமில்லை. ஹாலோ வந்த அடுத்த ஆண்டே இன்னொரு விதி வந்தது: ஓட்டுநரும் இருக்கையும் சேர்ந்து குறைந்தது 80 கிலோ, குறைந்தால் எடைக்கட்டி வைத்து நிரப்ப வேண்டும். பட்டினி கிடந்து உடம்பை வருத்துகிறவருக்கு வேகம் என்ற நிலை அத்தோடு முடிந்தது.

பட்டாசுத் தொழிலின் நோய் இங்கேதான் இருக்கிறது. அறைக்கு நான்கே பேர், அளவான மருந்து என்று விதிப்படி நடத்தும் முதலாளிகளும் இங்கே இருக்கிறார்கள். அவர்களுடைய பெட்டி, விதியை மீறித் தயாரித்த பெட்டியோடு அதே கடையில், அதே விலைக்குப் போட்டி போடுகிறது. விதியை மதிப்பவர் நட்டப்படுகிறார், மீறுகிறவர் சம்பாதிக்கிறார். எந்த விளையாட்டிலாவது இதை ஆட்டம் என்று ஒப்புக்கொள்வோமா?

கிரிக்கெட்டும் ஒரு பாடம் வைத்திருக்கிறது. 2014 நவம்பரில் சிட்னியில் பவுன்சர் பட்டு பிலிப் ஹியூஸ் இறந்தார். 25 வயது. அந்த ஒரு சாவு தலைக்கவசத்தின் வடிவத்தை மாற்றியது. தலையில் அடிபட்டவருக்கு மாற்று ஆட்டக்காரர் என்ற விதியை ஐசிசி 2019-ல் கொண்டுவந்தது. சின்னப்பம்பட்டி நடராஜன் 2020 டிசம்பரில் கான்பெராவில் சர்வதேச டி20-யில் அறிமுகமான ஆட்டம் நினைவிருக்கும். தலையில் பந்து பட்ட ஜடேஜாவுக்குப் பதிலாக சாஹல் வந்து மூன்று விக்கெட் எடுத்தார். அடிபட்டதை ஒப்புக்கொண்டால் அணிக்கு ஆள் குறையாது என்ற உறுதி இருப்பதால்தான் வீரரும் மறைக்காமல் சொல்கிறார்.

வெடி ஆபீஸில் அந்த உறுதி இல்லை. ஆய்வுக்கு வந்த அதிகாரி ஆலையை நிறுத்திவைத்தால் முதல் அடி தொழிலாளியின் அடுப்பில்தான் விழுகிறது. வானம் பார்த்த கரிசலில் வேறு வேலையும் சுலபமில்லை. அறையில் எட்டுப் பேர் இருக்கிறோம் என்று புகார் சொன்னால் நாளைக்குக் கூலி கிடையாது, எப்படிச் சொல்வார்கள்? 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் ஏறத்தாழ நாற்பது உயிர்களைக் குடித்த ஆலையில், உரிமம் நிறுத்திவைக்கப்பட்ட நிலையிலும் வேலை நடந்தது. உதவிக்கு ஓடி வந்தவர்களும் அதில் மாண்டார்கள். அதன்பின் ஏறத்தாழ எட்டரை ஆண்டு கழித்து அச்சங்குளம். ஒரு சாவில் கிரிக்கெட் கற்றதை இத்தனை சாவுகளுக்குப் பிறகும் நாம் கற்கவில்லை என்பது வேதனை மட்டுமல்ல, வெட்கம்.

நம்மால் முடியாது என்று சொல்ல இடமில்லை. பக்கத்து மாவட்டத்தில் அலங்காநல்லூர் வாடிவாசலைப் பாருங்கள். மாடுபிடி வீரருக்கு மருத்துவப் பரிசோதனை, காளைக்குக் கால்நடை மருத்துவர், சுற்றுக்கு இத்தனை பேர் என்ற கணக்கு, திமிலைத் தவிர வாலையோ கொம்பையோ பிடித்தால் வெளியேற்றம். ஆட்சியரும் காவல்துறையும் களத்திலேயே நிற்கிறார்கள். ஜல்லிக்கட்டை அனுமதித்து 2017-ல் வந்த சட்டத் திருத்தத்தை உச்ச நீதிமன்றம் 2023 மே மாதம் ஏற்றுக்கொண்டது. விதிகளோடுதான் இந்த விளையாட்டு நடக்கும் என்று அரசு காட்டிய உறுதிக்கு அதில் பங்கு உண்டு. மனசு வைத்தால் எண்ணிப் பார்த்து உள்ளே விட நமக்குத் தெரியும்.

கெடுபிடி கூடினால் தொழில் படுத்துவிடும் என்று சொல்வார்கள். பேரியத்துக்கும் சரவெடிக்கும் உச்ச நீதிமன்றம் தடை போட்ட 2018-லிருந்தே இந்த வட்டாரம் நொந்துபோயிருப்பது உண்மை. லட்சக்கணக்கான குடும்பங்கள் இதை நம்பி இருக்கின்றன. தொழில் வாழ வேண்டும் என்பதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. ஆனால் ஒவ்வொரு விபத்தும் இந்தத் தொழிலை மூடச் சொல்கிறவர்களின் கையில் ஆயுதமாகிறது. அந்த ஆயுதத்தை எடுத்துக் கொடுப்பது உள்குத்தகைதான்.

செய்ய வேண்டியவை கைக்கு எட்டுகிற தூரத்தில் இருக்கின்றன. ஊக்கமருந்தில் சிக்கிய வீரரின் பெயரை உலகறியப் பட்டியலிடுகிறார்கள். நிறுத்திவைக்கப்பட்ட ஆலைகளின் பட்டியலும் ஊராட்சி அலுவலகச் சுவரில் தமிழில் ஒட்டப்பட வேண்டும். நாக்பூரில் உள்ள மத்திய வெடிபொருள் துறையின் உரிமமோ மாவட்ட நிர்வாகத்தின் உரிமமோ, உள்ளே இருக்கும் ஆட்களை எண்ணுகிற அதிகாரி முன்னறிவிப்பின்றி, வேலை நடக்கிற நேரத்தில் வர வேண்டும். குத்தகைக்கு விட்டவரின் உரிமம் ஆயுளுக்கும் ரத்தாக வேண்டும். முதலாளியின் மீறலால் ஆலை மூடப்படும் நாட்களுக்கும் தொழிலாளிக்குக் கூலி உண்டு என்பதைச் சட்டமாக்க வேண்டும். கடைசியாகச் சொன்னதுதான் முதலில் வர வேண்டியது. கூலி போகாது என்று தெரிந்தால், தன் அறையில் ஐந்தாவது ஆள் வந்து உட்காரும்போதே தொழிலாளி எழுந்து நின்று கேட்பார். அவரை விடக் கூர்ந்து பார்க்கும் நடுவர் அந்த அறைக்குக் கிடைக்க மாட்டார்.